பிள்ளையின் தோளில் ஏறிய சுமை

குடிப்பவரைப் பற்றி நாம் நிறையவே பேசியிருக்கிறோம். அவர் வீட்டுப் பிள்ளையைப் பற்றிப் பேசியது குறைவு.

மஃரிபுக்குப் பின் வாசலில் கேட்கும் காலடியோசையைக் கொண்டே அப்பிள்ளை தந்தையின் நிலையை அறிந்துகொள்கிறது. கடன் கேட்டு வருவோரிடம், "வாப்பா ஊரில் இல்லை" என்கிறது. உம்மாவின் அழுத கண்ணுக்கு வேறு காரணம் கற்பிக்கிறது. மது விலக்கப்பட்ட சமுதாயத்தில் அதன் வெட்கமோ இருமடங்கு. பெற்றோரைக் கண்ணியப்படுத்தும் கடமையில், அவர்களுக்காகப் பொய்யுரைப்பதும் அடங்குமா?

அடங்காது என்பதே நம் துணிபு. மர்யம் அத்தியாயத்தில் நபி இப்ராஹீம் (அலை) அவர்களைக் காண்கிறோம். தந்தையோ சிலை வணக்கத்தில் ஊறியவர், கல்லெறிவதாக மிரட்டியவர். மகனார் நான்கு முறை "என் தந்தையே" என்று கனிவோடு விளித்தார்கள். எனினும், உண்மையைச் சொல்லாமல் விட்டார்களில்லை. இறுதியில் ஸலாம் கூறியே விலகினார்கள்.

குறையை மறைப்பது நற்பண்பல்லவா எனச் சிலர் வினவலாம். ஆம்; தெருவில் பரப்பலாகாது. ஆனால், புறம் பேசுதல் அனுமதிக்கப்படும் ஆறு சூழல்களை வகுத்த இமாம் நவவி (ரஹ்) அவர்கள், தீமையைத் தடுக்க உதவி கோருவதையும் அவற்றுள் சேர்த்தார்கள். புண்ணை ஊருக்குக் காட்ட வேண்டியதில்லை. மருத்துவருக்கு மறைக்கவும் கூடாது.

குடி அடிமைத்தனம் ஒரு நோய் என்பதை அமெரிக்க மருத்துவச் சங்கம் 1956இல் ஏற்றது. மறு ஆண்டே அந்நாட்டில், குடிநோயாளரின் பதின்வயதுப் பிள்ளைகளுக்கென 'அலட்டீன்' என்னும் தோழமைக் குழு தோன்றியது. பெற்றோரின் குடிக்குத் தாம் காரணமல்லர், அதைத் தீர்ப்பதும் தம் கையில் இல்லை என்று அங்கே அவர்கள் கற்கிறார்கள். ஒருவரின் பாவச்சுமை மற்றவர்மீது ஏறாது என்னும் மறைநெறியை ஓதி வளர்ந்த நமக்கு இது புதிதன்று.

ஆயினும், அச்சுமையை ஏற்றுபவர்களும் நாமே. பெண் பார்க்க வந்தவர்கள் "குடிகாரர் மகளா?" என்று திரும்பிப் போவது எந்த நெறி? பிள்ளை பொய் சொல்வது ஏன்? உண்மைக்கு நாம் வாங்கும் விலை அதற்குத் தெரியும்.

அப்பிள்ளை அஞ்சாமல் வாய் திறக்க மஹல்லாவில் ஒருவரேனும் இருக்கட்டும். கேட்டதைத் தம் நெஞ்சில் பூட்டிக்கொண்டு, அந்தத் தந்தையைக் கைபிடித்து மருத்துவரிடம் அழைத்துச் செல்பவராக அவர் இருக்கட்டும்.