விடியாமல் கூவிய சேவல்

நள்ளிரவு முகூர்த்தத்துக்குச் சுசீந்திரத்திலிருந்து மாப்பிள்ளையாகப் புறப்படுகிறார் சிவன். வழுக்கம்பாறையை நெருங்கும்போது சேவல் கூவுகிறது. விடிந்துவிட்டது, முகூர்த்தம் தப்பிவிட்டது என்று திரும்பிவிடுகிறார். சேவலாகக் கூவியது நாரதர். குமரிமுனையில் மணப்பெண்ணாகக் காத்திருந்த பகவதி கன்னியாகவே நின்றுவிட, கல்யாண அரிசி கடற்கரை மணலானது என்கிறது தலபுராணக் கதை. சேவல் கூவும் இடத்தில் கேட்பவர் சிரித்துவிட்டால் அது தெய்வக் குற்றமா? இல்லை என்பதே என் கட்சி. அந்தச் சிரிப்பு காதலின் மேல் விழவில்லை. கிழக்கு வெளுத்ததா என்றுகூடப் பார்க்காத மாப்பிள்ளையின் அவசரத்தின் மேல் விழுகிறது. முதல் உலகப் போருக்கு முன் பிரான்சின் பாத்தே நிறுவனப் பேசாப் படங்களில் மாக்ஸ் லிண்டர் செய்ததும் இதைத்தான். ஒரு குறும்படத்தில், வைத்தியம் பார்க்கப் போனவர் பெண் டாக்டரையே காதலித்து மணக்கிறார். பிறகு அவள் அறை வாசலில் ஆண் நோயாளிகள் கூடியிருப்பதைக் கண்டு பொறாமையில் அத்தனை பேரையும் விரட்டுகிறார். கேலிக்கு ஆளாவது பட்டுத் தொப்பிக்கார லிண்டரின் பொறாமைதான். அவளுடைய தொழிலையும் அவர்கள் இருவரின் அன்பையும் அந்தக் கேலி தொடுவதில்லை.

பாணாசுரன் என்ற அசுரனைக் கன்னி ஒருத்தியால்தான் கொல்ல முடியும், அதற்காகத் திருமணத்தைத் தடுத்த தேவகாரியத்தைச் சினிமா வேடிக்கையோடு சேர்க்கலாமா என்று கேட்பார்கள். நியாயமான கேள்விதான். ஆனால் காரியம் பெரிதென்பதால் தந்திரம் தந்திரம் இல்லை என்றாகிவிடாது. அசுரவதம்தான் நோக்கமென்றால் அதை நேரே சொல்லியிருக்கலாம். சேவலை நுழைத்தவர்களுக்குச் சிரிப்பு வேண்டியிருந்தது. நாஞ்சில் நாட்டுக் கோயில் கொடை விழாவில் வில்லிசைக்கும் அண்ணாவியும் சாமி கதைக்கு நடுவே நையாண்டி பேசுகிறார். சாமி கோபித்துக்கொள்வதாக யாரும் சொல்வதில்லை. அந்த வில்லுப்பாட்டு மண்ணான ஒழுகினசேரியில் பிறந்த நகைச்சுவை நடிகர் என். எஸ். கிருஷ்ணன், 1949இல் வந்த 'நல்லதம்பி' படத்தில் நந்தனார் கதாகாலட்சேபத்தின் வடிவை எடுத்துக் கிந்தனார் என்ற பாத்திரத்தைப் படிக்க அனுப்பினார். நந்தனாரின் பக்தி அதனால் குறைந்துவிடவில்லை. மனைவி டி. ஏ. மதுரத்தோடு அவர் நடித்த காதல் நகைச்சுவையிலும் மதுரம் பதிலுக்குப் பதில் கொடுப்பார், வாயடைத்து நிற்பவர் பெரும்பாலும் கிருஷ்ணன்தான். பகவதியின் காத்திருப்பைப் பார்த்து ஒருவன் சிரித்தால் அது வேறு விஷயம், அதைக் கொடூரம் என்றே சொல்வேன். நாரதரின் கூவலுக்குச் சிரிப்பவர் பக்தியில் யாருக்கும் குறைந்தவர் அல்லர்.