ஓஹியா மரமும் ஒரு மலரும்

ஹவாய்த் தீவுகளில் எரிமலைக் குழம்பு ஆறி இறுகிய கரும்பாறைப் பிளவுகளில் முதலில் வேரூன்றும் மரங்களுள் ஓஹியாவும் ஒன்று. தன் காதலை மறுத்த ஓஹியா என்னும் இளைஞனை எரிமலைத் தெய்வமாகிய பெலே சினந்து மரமாக்கினாள். அவன் காதலி லெஹுவாவை ஏனைத் தெய்வங்கள் இரங்கி அம்மரத்தின் செம்மலராக்கின என்பது அந்நாட்டுக் கதை. மலரைக் கொய்தால், பிரிந்தோர் கண்ணீர் மழையாகப் பொழியுமாம்!

மாயங்களை விட்டொழித்த நாம் இம்மழையை நம்போம். நுண்விதையைக் காற்றுக் கொணர்ந்தது, பிளவில் ஈரமிருந்தது, முளைத்தது. ஆயினும் மலரைக் கொய்யாத கையை நாம் நகையோம். ஆளவியில் பிக்குகள் மரம் வெட்டியபோது, மரத்திற்கும் உயிருண்டென எண்ணிய மக்கள் மனத்தைப் பகவான் மதித்தார்; செடிகொடிகளைச் சிதைத்தலைச் சங்கத்தார்க்கு விலக்கினார். 2014-இல் கண்டறியப்பட்ட பூஞ்சையொன்று இன்று ஓஹியா மரங்களை மாய்த்து வருகிறது. அது உட்புகுவது மரத்திற்பட்ட காயங்களின் வழியே.