ஓட்டின்மேல் பாசி

தீமை செய்தவனைப் பழிப்பதில் உலகம் தயங்குவதில்லை. தீமை வளர்வதைக் கண்டும் வாளா இருந்தவனை என்னென்பது? அவன் கையால் எதுவும் செய்தானில்லை. எனினும் அவன் குற்றமற்றவனா? அறநூலார் நெடுங்காலமாக ஆராய்ந்துவரும் இவ்வினாவிற்கு விடை காண ஏடுகளைப் புரட்டவேண்டுவதில்லை. மழைநாட்டு வீடொன்றின் கூரையை அண்ணாந்து நோக்கினாலே போதும்.

மலேசியாவில் ஆண்டுக்குச் சராசரியாக 2,000 மில்லிமீட்டருக்கும் மேற்பட்ட மழை பொழிகிறது. மரநிழல் விழும் ஓட்டுக் கூரையில் பாசி படர்வதற்கு இந்த ஈரம் ஒன்றே போதும். கண்ணுக்குப் புலப்படாத நுண்வித்துகள் காற்றில் மிதந்துவந்து ஓட்டின் சொரசொரப்பில் தங்குகின்றன. பாசிக்கு உண்மையான வேர் இல்லை. மெல்லிய இழைகளால் பற்றிக்கொண்டு வாழ்வது அது. ஓட்டை அது தின்பதில்லை. பஞ்சுபோல் நீரை உறிஞ்சி வைத்துக்கொள்கிறது. ஓடுகள் ஒன்றன்மேல் ஒன்று படியும் இடுக்கில் அது தடித்துவிட்டால், கீழே வழியவேண்டிய நீர் உள்ளே புகுகிறது. கூரையைத் தாங்கும் மரச்சட்டம் நாளடைவில் உளுத்துப்போகிறது.

இதற்காகப் பாசியைப் பழித்தல் பொருந்தாது. ஜப்பானின் கியோத்தோ நகரிலுள்ள சைஹோஜி கோயிலின் தோட்டம் பாசிக்கென்றே புகழ்பெற்றது. 1994ஆம் ஆண்டில் அக்கோயில் உலக மரபுச் சின்னங்களுள் ஒன்றாக ஏற்கப்பட்டது. அங்கே அழகாக இருப்பது இங்கே கேடாகிறது. கேடு பாசியில் இல்லை. அது படர இடங்கொடுத்த புறக்கணிப்பில் இருக்கிறது.

‘என் வீடு, என் கூரை, பிறருக்கு என்ன?’ என்பார் உளர். வரிசை வீடுகளில் ஒரே கூரை பல குடும்பங்களுக்கு நிழல் தருகிறது. ஒருவர் வீட்டு ஓட்டில் நுழைந்த நீர், அடுத்த வீட்டுச் சுவரில் ஈரக்கறையாகத் தோன்றுகிறது. உதிர்ந்த பாசி கூரையோரத்து நீர்க்காலை அடைத்துவிட்டால், தேங்கிய நீரில் ஏடிஸ் கொசு முட்டையிடுகிறது. டெங்கிக் காய்ச்சல் எவர் வீட்டுக் குழந்தையைப் பற்றும் என்று எவரும் உரைக்கவியலாது. மலேசியாவில் 1975ஆம் ஆண்டில் இயற்றப்பட்ட நோய்பரப்பும் பூச்சிகளை அழிக்கும் சட்டம், கொசு பெருக இடங்கொடுப்பதையே குற்றமாகக் கொள்கிறது. செய்யாமையும் ஒரு செயலே என்பதைச் சட்டமும் ஒப்புக்கொண்டது.

‘மழையை நிறுத்த என்னால் ஆகுமா?’ என்னும் மறுப்பும் எழலாம். ஆகாததற்கு எவரும் பொறுப்பாளி அல்லர். மழை மனிதன் வசத்தில் இல்லை. கூரைமேல் சாய்ந்த கிளையை வெட்டுதலும், நீர்க்காலைத் தூய்மை செய்தலும், பிசகிய ஓட்டை மாற்றுதலும் அவன் வசத்தில் உள்ளன. இயன்ற அளவே கடமையின் அளவு. தனித்து வாழும் முதியவரால் ஏணியில் ஏற இயலாது. அவர்மேல் பழி இல்லை. அக்கடமை அண்டை வீட்டு இளைஞரிடம் வந்து சேர்கிறது.

காலந்தாழ்த்தியவன் பிறகு அவசரப்படுகிறான். வழுக்கும் கூரைமேல் கூலியாள் ஒருவரை ஏற்றுகிறான். தன் சோம்பலின் விலையைப் பிறர் உயிரைப் பணயம் வைத்துக் கொடுக்க முனைவது எவ்வகை அறம்? விசைநீரைப் பாய்ச்சிப் பாசியைப் பெயர்க்கச் சொன்னால், ஓட்டின் மேற்பூச்சும் சேர்ந்து பெயர்கிறது. சொரசொரத்துப்போன ஓட்டில் பாசி மீண்டும் எளிதாகப் பற்றிக்கொள்கிறது. மென்மையான தூரிகையால் மேலிருந்து கீழாகத் தேய்ப்பதே தக்க முறை. கூரை முகட்டில் செப்புத் தகட்டுப் பட்டையைப் பொருத்துவாரும் உளர். அதன்மீது வழியும் மழைநீர் நுண்ணளவு செம்பைச் சுமந்துசென்று பாசியைத் தடுக்கிறது.

ஆசிரியர் உலகம் எண்ணிப் பார்க்கத்தக்க செய்தி இது. மாணவனிடம் ஒரு பிழை தலைகாட்டும்போது பாராமுகமாக இருந்துவிட்டு, அது முற்றியபின் கடுஞ்சொல்லையும் பிரம்பையும் எடுப்பது விசைநீரைப் பாய்ச்சுவதற்கு ஒப்பாகும். பிழையோடு அவனது தன்மதிப்பும் பெயர்ந்துபோகும். பிழை வளர இடந்தந்த நிழலை அகற்றி, அவன்மீது அன்பின் ஒளி படச் செய்தலே ஆசிரியத் தொண்டு.

வருமுன் காத்தலைக் குற்றங்கடிதல் என்னும் அதிகாரத்தில் வள்ளுவர் வைத்ததன் நுட்பம் ஈண்டு விளங்கும். காவாமை வெறும் அறிவுக்குறை அன்று, அதுவும் குற்றமே. கண்ணால் கண்ட அன்றே கடமை தொடங்கிவிடுகிறது. கண்டும் செய்யாதவன், கை தூய்மையாக இருப்பதால் மட்டும் குற்றமற்றவன் ஆகான்.