நஞ்சும் நற்றொழிலும்

விகாரையில் அமர்ந்து பஞ்ச சீலத்தை ஓதுதல் எளிது. அவ்வைந்தையும் அலுவலகத்திலும், கடைத்தெருவிலும், ஆலையிலும், தோட்டத்திலும் காத்து நிற்றலே அரிது. இதனை நன்கு உணர்ந்தவர் பகவன் புத்தர். அதனாலன்றோ தாம் அருளிய எண்வகை மார்க்கத்தில் நற்காட்சி, நல்லமைதி முதலியவற்றோடு நல்வாழ்க்கை என்பதனையும் ஓர் அங்கமாக வைத்தார்! நல்வாழ்க்கை என்பது ஈண்டு மாடமாளிகையைக் குறிப்பதன்று. பிறருக்குத் தீங்கின்றிச் சோறு தேடும் முறையைக் குறிப்பது. பிழைப்பு வேறு, அறம் வேறு என்று இரண்டாகப் பிரித்து வாழ்பவர் மார்க்கத்தின் எட்டில் ஒன்றை அறுத்தெறிந்தவரே ஆவர்.

இக்கருத்தை நாம் மீண்டும் எண்ணிப் பார்க்க நேர்ந்த காரணத்தைச் சொல்வோம். தேனி மாவட்டத்து உபாசகர் ஒருவர் அண்மையில் நம்மிடம் ஒரு வினாவை எழுப்பினார். அவர் விடியுமுன் ஜீப்பில் ஏறிப் போடிமெட்டைக் கடந்து, சூரியநெல்லிப் பக்கத்து ஏலத்தோட்டங்களில் கூலி வேலை செய்து, அந்தி சாய்ந்தபின் வீடு திரும்புபவர். "ஐயா, நான் செடிக்கு மருந்து அடிக்கிறவன். அடித்தால் பூச்சி சாகிறது, தேனீயும் சாகிறது. இரண்டொரு நாளில் அந்தச் செடியடியில் குந்தி எங்கள் வீட்டுப் பெண்களே காய் எடுக்கிறார்கள். பௌர்ணமிக்கு வந்து கொல்லாமைச் சீலம் ஏற்கிறேன். நான் சொல்வது பொய்யாகிவிடுகிறதா? வேலையை விட்டால் அடுப்பு எரியாதே!" என்றார் அவர். அவருக்கு உடனே விடை கூற நம்மால் இயலவில்லை. இக்கட்டுரை அவ்வினாவிற்கு விடை தேடும் முயற்சியாகும்.

முதற்கண் அத்தொழிலின் இயல்பை அறிதல் வேண்டும். சூரியநெல்லி கேரளத்தின் இடுக்கி மாவட்டத்தில் சின்னக்கானல் ஊராட்சியைச் சேர்ந்தது. நம் நாட்டெல்லைக்குள் உள்ள கொழுக்குமலைக்கு ஜீப் ஏறும் வழியும் இவ்வூரே. ஒருபால் தேயிலை, மற்றொருபால் மரநிழலில் ஏலம். இரண்டிலும் தலைமுறை தலைமுறையாக உழைத்து வந்தவர்களுள் தமிழர் பலர். ஏலக்காய் ஒரே காலத்தில் முற்றுவதன்று. ஒரே சரத்தில் பூவும், பிஞ்சும், முற்றிய காயும் சேர்ந்தே இருக்கும். ஆகவே பருவம் தொடங்கியது முதல் முடியும் வரை பல மாதங்களுக்குச் சுற்றுச் சுற்றாகக் காய் எடுப்பு நடைபெறும். அம்மாதங்களிலேயே பேனும், தண்டையும் காயையும் துளைக்கும் புழுவும் செடியைத் தாக்கும். பேன் சுரண்டிய காயின் தோலில் சொறி விழும். சொறி விழுந்த காய்க்குப் புத்தடியிலும் போடிநாயக்கனூரிலும் நடக்கும் ஏல விற்பனையில் நல்ல விலை கிடைப்பதில்லை. எனவே அடிப்பும் எடுப்பும் ஒரே பருவத்தில், ஒரே செடியில், அடுத்தடுத்து நிகழ்கின்றன.

இன்னொன்றும் உண்டு. ஏலப்பூ ஒரு நாளே நிலைப்பது. அந்த ஒரு நாளில் தேனீ வந்து மகரந்தம் சேர்த்தால்தான் காய் பிடிக்கும். காயைக் காக்க வேண்டித் தெளிக்கும் பொருளே காயைத் தரும் உயிரைக் கொல்லுமாயின், அதனை என்னென்று கூறுவது!

மக்கள் அதனை 'மருந்து' என்றே கூறுகின்றனர். நோய் தீர்ப்பது மருந்து. உயிர் போக்குவது நஞ்சு. பெயர் மாறியதும் அச்சமும் மாறிவிடுகின்றது. நஞ்சு அடிக்கிறேன் என்று நாள்தோறும் வாயால் சொல்லும் ஒருவன் முகத்தை மூடிக்கொள்வான்; குழந்தையைத் தொடுமுன் கையைக் கழுவுவான். மருந்து அடிக்கிறேன் என்பவனுக்கு அந்த எச்சரிக்கை தோன்றுவதில்லை. மணிமேகலை தீவினையை உடலில் மூன்று, உரையில் நான்கு, உள்ளத்தில் மூன்று எனப் பத்தாக வகுக்கும். உரைக்கே பெரும்பங்கு தரப்பட்டிருத்தல் காண்க.

இல்லறத்தார் செய்யலாகாத வாணிகங்கள் ஐந்து எனப் பகவர் வகுத்தார். படைக்கலம், உயிர்கள், ஊன், மது, நஞ்சு ஆகியவற்றை விற்றலே அவை. நஞ்சு இறுதியில் வைக்கப்பட்டிருப்பினும் இக்காலத்தில் முதலில் எண்ணத்தக்கது அதுவே. இங்கே இருவகையான எளிய விடைகள் எழும். "நஞ்சைத் தொடுகின்ற தொழிலை உடனே விட்டொழி" என்பது ஒன்று. வயிறு நிறைந்தவர் வயிறு காய்ந்தவருக்குக் கூறும் விடை அது. "நீ கூலிக்காரன், முதலாளி சொன்னதைச் செய்கிறாய், உனக்கு ஒரு வினையும் இல்லை" என்பது மற்றொன்று. இது கேட்பதற்கு இனிது. ஆயினும் இதனையும் நாம் ஏற்பதற்கில்லை. ஏன் என ஆராய்வோம்.

ததாகதர் நெறியில் எண்ணமே வினையாகும். ஆனால் இக்காலத் தொழில்களில் ஒரு செயல் பலருடைய கைகளில் பகிரப்பட்டுக் கிடக்கின்றது. செய்தவன் விற்றவனைக் காட்டுகிறான். விற்றவன் தோட்டக்காரனையும், தோட்டக்காரன் சொறியற்ற காயைக் கேட்கும் வணிகனையும் காட்டுகின்றனர். வணிகனோ, பளபளக்கும் பச்சைக்காயை விரும்பும் நம்மைக் காட்டுகிறான். தெளித்தவன் கங்காணியைக் காட்டுகிறான். தீமை நடந்துவிட்டது, தீமையை எண்ணியவர் எவரும் இலர்! இஃது எங்ஙனம் பொருந்தும்?

இதே கேரளத்தின் வடகோடியில், காசர்கோடு மாவட்டத்தில் நிகழ்ந்ததை நினைவுகூர்வோம். அங்கு அரசுடைமையான முந்திரித் தோட்டங்களின்மேல் ஏறத்தாழ இருபதாண்டு காலம் வானூர்தியிலிருந்து எண்டோசல்ஃபான் தெளிக்கப்பட்டது. கீழே ஊர்கள் இருந்தன, சுனைகள் இருந்தன. உடற்குறையோடும் மனவளர்ச்சிக் குறையோடும் பிறந்த குழந்தைகளைப் பற்றி மக்கள் முறையிட்டனர். நெடுங்காலப் போராட்டத்திற்குப் பின்னரே 2011ஆம் ஆண்டு மே மாதத்தில் உச்ச நீதிமன்றம் அந்நஞ்சை நாடு முழுவதும் தடுத்தது. 2017 ஜனவரியில் பாதிக்கப்பட்டோர் ஒவ்வொருவருக்கும் 5 லட்சம் ரூபாய் வழங்குமாறு அதே நீதிமன்றம் கேரள அரசுக்கு ஆணையிட்டது. வானூர்தி ஓட்டியவர் தம் வேலையைச் செய்தார். கணக்கு எழுதியவர் தம் வேலையைச் செய்தார். ஒவ்வொருவர் கையிலும் செயலின் ஒரு துண்டே இருந்தது. துன்பமோ துண்டாகவில்லை; ஒரு தாயின் மடியில் முழுமையாக வந்து விழுந்தது.

இதனால் பெறப்படுவது யாது? பல கைகளில் பகிர்வதனால் வினை அழிவதில்லை. அவரவர் அறிவிற்கும், அவரவருக்குள்ள உரிமைக்கும் ஏற்ப அதன் பங்கு கூடும் அல்லது குறையும். மறுக்கும் வலிமை உடையவன் மறுக்காதபோது அவன் பங்கு பெரிது. மறுத்தால் பட்டினி என்ற நிலையில் உள்ளவனின் பங்கு சிறிது. சிறிது என்றோம், இல்லை என்று கூறினோமில்லை.

"எமக்குத் தெரியாது" என்பாரும் உளர். மிலிந்த மன்னன் நாகசேன தேரரை இது குறித்தே வினவியதாக ஒரு வரலாறு உண்டு. அறிந்து தீமை செய்பவன், அறியாமற் செய்பவன் ஆகிய இருவருள் யாருக்குக் கேடு மிகுதி என்று அரசன் கேட்டான். அறியாதவனுக்கே என்றார் தேரர். பழுக்கக் காய்ந்த இரும்புருண்டையை, அது சுடும் என்று அறியாமல் இறுகப் பிடிப்பவன் கையே மிகுதியாக வேகும் என்று விளக்கினார். நஞ்சுப் பொதியின்மீது சிவப்பு, மஞ்சள், நீலம், பச்சை என நான்கு நிறங்களுள் ஒன்றில் குறி இடப்பட்டிருக்கின்றது. சிவப்பு மிகக் கொடியது, அடுத்தது மஞ்சள். எழுத்தறியாதவரும் அறியட்டும் என்றே நிறம் வைத்தனர். அதனைக் காட்டாமல் கலக்கிக் கொடுப்பவன் பிறர் கையில் இரும்புருண்டையை வைப்பவன். காண விரும்பாமல் முகத்தைத் திருப்பிக்கொள்பவன் அறியாதவனல்லன்; அறியாமையை விலைக்கு வாங்கியவன்.

விதர்ப்பப் பகுதியை நாம் அறிவோம். அறிவர் அம்பேத்கர் 1956 அக்டோபர் 14ஆம் நாள் தம்ம தீட்சை பெற்ற நாகபுரி அங்குதான் உள்ளது. அதே விதர்ப்பத்தின் யவத்மால் மாவட்டத்தில் 2017ஆம் ஆண்டு பருத்திக்கு நஞ்சு தெளித்த உழவரும் கூலியாளருமாக இருபதுக்கு மேற்பட்டோர், தாம் தெளித்ததைத் தாமே சுவாசித்து மாண்டனர். பூச்சிக்கொல்லி பற்றிய சட்டம் 1968இலேயே வந்துவிட்டது. தெளிப்பவருக்குப் பாதுகாப்பு உடை வேண்டும் என்று 1971ஆம் ஆண்டு விதிகளும் கூறின. விதி ஏட்டில் இருந்தது. உடை உடலில் இல்லை.

இத்தகைய சாவுகளைக் கண்டு, "எல்லாம் முன்வினைப் பயன்" என்பாரை நாம் கண்டித்தே ஆகவேண்டும். ஏழையின் துன்பத்திற்கு அவனது முற்பிறப்பைக் காரணங்காட்டி, இப்பிறப்பில் அவனைத் துன்புறுத்துவோரை விடுவிக்கும் தத்துவத்திலிருந்து வெளியேறியவர்கள் நாம். புதிய சமயத்திற்குள் அப்பழைய விலங்கைச் சுமந்து வரலாகாது. வினை என்பது செய்தவனைச் சுட்டுவதற்கே அன்றிப் பட்டவனைப் பழிப்பதற்கன்று.

பூச்சியைக் கொல்லுதலும் கொலையே. அதனை மறைத்துப் பேசுதல் நமக்கு அழகன்று. ஏர் உழுதாலும் புழு சாகின்றது என்பதும் உண்மையே. ஆயினும் தவிர்க்கவியலாத தீங்கிற்கும், பொருளாசையால் பெருக்கிய தீங்கிற்கும் வேறுபாடு உண்டு. ஒரு முறை போதுமான இடத்தில் மூன்று முறை அடிப்பது செடிக்காக அன்று, ஆசைக்காக.

நுகர்வோராகிய நாமும் தப்ப இயலாது. 2023 ஜனவரியில், சபரிமலை அரவணைப் பாயசத்தில் இட்ட ஏலக்காயில் வரம்பை மிஞ்சிய நஞ்சு உள்ளதென்ற ஆய்வறிக்கையைக் கண்டு, கேரள உயர் நீதிமன்றம் அதன் விற்பனையை நிறுத்தியது. ஆறு லட்சத்திற்கும் மேற்பட்ட டப்பாக்கள் முடங்கின. அத்தீர்ப்பை உச்ச நீதிமன்றம் 2024இல் நீக்கியது. வழக்கின் முடிவு எதுவாயினும் ஆகுக. உண்பவன் வாய்க்கு வரும் ஒரு துளியைப் பற்றி நாடே பேசியது. அத்தகைய காயை நாள் முழுதும் வெறுங்கையால் பறிக்கும் பெண்களைப் பற்றி நாம் எத்துணை பேசினோம்? நம் பாயசத்திற்கு மணம் தருவது அவர்கள் கை என்பதை மறந்தோமல்லமோ?

பகவர் தம் மைந்தர் இராகுலருக்கு ஒரு பயிற்சியை அருளினார். கண்ணாடியில் முகம் பார்ப்பதுபோல ஒவ்வொரு செயலையும் செய்யுமுன்னும், செய்யும்போதும், செய்த பின்னும் பார்க்க வேண்டும். இது எனக்கோ பிறருக்கோ தீங்கு தருமா என்று மும்முறையும் வினவ வேண்டும். இதனினும் எளிய தொழிலறம் வேறில்லை. தோட்டக்காரர் செய்யுமுன் வினவட்டும்: இந்நஞ்சு தேவையா? உடையும் கையுறையும் வாங்கினோமா? அடித்த பின் எத்தனை நாள் கழித்துக் காய் எடுக்கலாம்? வணிகர் தாம் கேட்கும் பளபளப்பின் விலையை யார் கொடுக்கின்றனர் என்று வினவட்டும். காய்க்குப் பச்சைச் சாயம் ஏற்றிக் காசு பார்க்க எண்ணுவோர் அது பொய்யும் களவும் ஆகும் என்று அறியட்டும். வாங்கும் நாம் சிறிது சொறி விழுந்த காயை ஒதுக்காதிருப்போமாக.

நம்மிடம் வினவிய உபாசக அன்பருக்கு இனி விடை கூறுவோம். தம்பி, உம் சீலம் பொய்யன்று. அது முற்றுப்பெறவில்லை, அவ்வளவே. உம் கை கட்டப்பட்டிருக்கின்றது. கண்ணும் நாவும் கட்டப்படவில்லை. பொதியின் நிறத்தைப் பாரும். அதன் பெயரைக் கேளும். இனி அதனை மருந்து என்னாது நஞ்சு என்றே சொல்லும். பூவில் தேனீ மொய்க்கும் காலைப்பொழுதைத் தவிர்த்துப் பிற்பகலில் அடிக்கலாமா என்று கேட்டுப் பாரும். எந்தப் பாத்தியில் என்று அடித்தீர் என்பதைக் காய் எடுக்கும் பெண்களுக்குத் தவறாமல் சொல்லும். காலி டப்பாவை வீட்டுக்குக் கொண்டு போகாதீர். உடை வேண்டும் என்று தனியாகக் கேட்டால் வேலை போகும். ஜீப்பில் வரும் அனைவரும் சேர்ந்து கேளுங்கள். இவற்றுள் ஒன்றைச் செய்தாலும் அன்றைய சீலம் அவ்வளவிற்கு மெய்யாகும்.

அவரைத் தனியே கேட்கவிட்டு நாம் விகாரையில் கண்மூடி அமர்ந்திருப்போமாயின், பொய்யாவது அவருடைய சீலமன்று, நம்முடையதே.