கேட்டுப் பெறுதல்

பிறர் பொருளைக் கேளாமல் எடுப்பது களவு என்பதைத் தொடக்கப்பள்ளி மாணவனும் அறிவான். எடுத்த பொருள் ஊருக்கெல்லாம் பயன்பட்டால் அது களவாகாதா? பொருளுக்குரியவரிடம் பத்திரம் இல்லையென்றால் அது களவாகாதா? இவ்வினாக்களுக்கு விடை சொல்ல மாணவன் தயங்குவான், பெரியவர்களும் தயங்குவர். அத்தயக்கத்தின் நடுவே ஓடும் ஆறுகள் இவ்வுலகில் பல. அவற்றுள் ஒன்று பெர்த்தாம்.

கேமரன் மலையில் பிறந்து, ரிங்லெட்டைக் கடந்து, லெம்பா பெர்த்தாம் பள்ளத்தாக்கில் இறங்கி, ஜெலாய் வழியே பகாங் ஆற்றை அடைவது அதன் இயற்கையான போக்கு. பெர்த்தாம் என்பது கூரை வேய ஓலை தரும் ஒரு பனை வகைக்கும் பெயர். 1885இல் வில்லியம் கேமரன் என்னும் நில அளவையாளர் வந்து சென்ற பிறகே மலைக்கு அவர் பெயர் வாய்த்தது. அதற்கு நெடுங்காலம் முன்பிருந்தே இம்மலைச் சரிவுகளில் செமாய் மக்கள் நெல்லும் மரவள்ளியும் பயிரிட்டு, மீன் பிடித்து, பழமரங்களைப் பேணி வாழ்ந்து வந்தனர். அவர்களிடம் பத்திரம் இல்லை. பாட்டன் காத்த டுரியான் மரமே அவர்களுக்கு எல்லைக்கல். ஆறும் ஓடையுமே வேலி.

பின்னர்த் தேயிலை வந்தது. 1929இல் போ தோட்டம் உருவாயிற்று. காட்டை வெட்டவும் கன்று நடவும் கொழுந்து பறிக்கவும் தமிழர்கள் மலையேறினர். வெட்டிய கை அவர்களுடையது; வெட்டச் சொன்ன வாய் வேறொருவருடையது. செமாய் மக்களுக்கு நிலம் இருந்தது, பத்திரம் இல்லை. தமிழருக்கோ இரண்டுமே இல்லை.

அடுத்து அணை வந்தது. ரிங்லெட்டில் சுல்தான் அபு பக்கார் அணை 1963இல் நிறைவுற்றது. பக்கத்து ஆறான தெலோமின் நீரும் சுரங்கக் கால்வாய் வழியே பெர்த்தாமில் சேர்க்கப்பட்டது. பகாங்கை நோக்கி ஓட வேண்டிய நீர் மலைத்தொடரைக் குடைந்து மேற்கே திருப்பப்பட்டு, பேராக் மாநிலத்தின் மின்னிலையத்தைச் சுழற்றிற்று. நாடு ஒளி பெற்றது, அது நன்மையே. ஆயினும், மலைச் சரிவுகள் திறந்த நிலமாக்கப்பட்டதால் மண் அரித்து வந்து நீர்த்தேக்கத்தை நிரப்பிற்று. 2013 அக்டோபர் 23ஆம் நாள் பின்னிரவில், கனமழையை அடுத்து அணையிலிருந்து திறந்துவிடப்பட்ட நீர் லெம்பா பெர்த்தாமில் பாய்ந்து உயிர்களையும் வீடுகளையும் கொண்டு சென்றது. அணையின் பயன் தொலைவில் இருந்தோர்க்கும் அதன் இடர் அருகில் இருந்தோர்க்கும் சென்றதை அவ்விரவு காட்டிற்று. அதே ஆற்றின் கீழ்ப்பகுதியில் 372 மெகாவாட் ஆற்றலுள்ள உலு ஜெலாய் திட்டம் 2016இல் இயங்கத் தொடங்கியது. அண்மை ஆண்டுகளில் லிப்பிஸ் மாவட்டத்துப் போஸ் லானாய் செமாய் மக்கள், தங்கள் ஆற்றில் மற்றொரு நீர்மின் திட்டம் எழாதிருக்க நீதிமன்றத்தை நாடினர்.

மென்மைக்குப் பெயர் பெற்ற இனத்தார் இவர்கள். 1968இல் மானிடவியலாளர் ராபர்ட் டென்டன் இவர்களைப் பற்றி எழுதிய நூலின் தலைப்பே வன்முறையற்ற மக்கள் என்று இவர்களைக் குறிக்கிறது. சண்டையை விட்டு விலகிக் காட்டின் உட்புறம் செல்வது முன்னோர் கண்ட வழி. இன்று உட்புறம் செல்லக் காடு இல்லை. ஆகவே வழக்கறிஞரிடம் செல்கின்றனர். அமைதியான மக்கள் வழக்காடுவதைக் கண்டு, யாரோ தூண்டிவிட்டனர் என்போர் உண்டு. பின்வாங்க இடமில்லாதவன் நின்று பேசுவதற்குத் தூண்டுதல் வேண்டுமோ?

சட்டம் அவர்களை எவ்வாறு கண்டது? 1954ஆம் ஆண்டின் பூர்வகுடியினர் சட்டம் பழமரங்களுக்கு இழப்பீடு தர வழி செய்தது. மரம் நின்ற மண்ணைப் பற்றி உறுதியாக ஒன்றும் சொல்லவில்லை. அரசு விரும்பும் வரை குடியிருக்கலாம் என்னும் நிலையே அம்மக்களுக்கு வாய்த்தது. நீதிமன்றங்கள்தாம் இதனைத் திருத்தின. சிங்கப்பூருக்கு நீர் வழங்க ஜொகூரில் லிங்கியூ அணை எழுந்தபோது நிலமிழந்த ஜக்குன் மக்கள் தொடுத்த வழக்கில் 1997இல் தீர்ப்பு வந்தது. மூதாதையர் நிலம், நடமாடும் உரிமை, காட்டு விளைபொருள், தம் வருங்கால வாழ்வு, தம் வழித்தோன்றல்களின் வாழ்வு ஆகியவற்றையெல்லாம் அவர்கள் இழந்தனர் என்று உயர்நீதிமன்றம் வரிசைப்படுத்தியது. கோலாலம்பூர் அனைத்துலக விமான நிலையத்துக்குச் செல்லும் நெடுஞ்சாலைக்காக 1995இல் டெங்கிலில் தெமுவான் மக்களின் நிலம் எடுக்கப்பட்டது. சாகோங் பின் தாசியும் பிறரும் தொடுத்த அவ்வழக்கில், 2002இல் உயர்நீதிமன்றமும் 2005இல் நீதிபதி கோபால் ஸ்ரீராம் எழுதிய தீர்ப்பின்வழி மேல்முறையீட்டு நீதிமன்றமும், அந்நிலம் அம்மக்களுக்கே உரியது என ஏற்றன. மக்களைக் காக்கும் பொறுப்புடைய அரசே அவர்களைக் கைவிடலாகாது என்பதும் அத்தீர்ப்பில் வலியுறுத்தப்பட்டது. பத்திரம் இல்லாமையால் உரிமை இல்லாமற் போய்விடாது என்பது இவ்வாறு நாட்டின் சட்டமாயிற்று.

எனினும் இழப்பீடு என்பது எடுத்த பின் தருவது. அறத்தின் வினா எடுக்குமுன் எழுவது.

இங்கே மறுப்புரை ஒன்று எழும். மருத்துவமனைக்கு மின்சாரம் வேண்டாவா? பள்ளிக்கு வேண்டாவா? ஒரு சில குடும்பங்களின் பொருட்டு ஒரு நாடு இருளில் இருப்பதா? இம்மறுப்பை எளிதில் தள்ளிவிட முடியாது. பொதுநலம் பொய்யான சொல் அன்று. ஆனால் ஒன்று நோக்கத்தக்கது. பொதுநலத்துக்காக விட்டுக்கொடுக்க வேண்டியவர் ஒவ்வொரு முறையும் அதே எளியவராக இருப்பது ஏன்? தானே முன்வந்து கொடுத்தால் அது ஈகை. கேளாமல் பறித்துவிட்டுத் தியாகம் என்று பெயரிடுவது, இழந்தவரின் புகழையும் திருடுவதாகும்.

தமிழர்க்கு இது புதிய பாடமன்று. மலாயாவின் பெருந்தோட்டங்கள் துண்டாடி விற்கப்பட்ட நாள்களில், தலைமுறை தலைமுறையாய் உழைத்தவர்கள் லயத்து வீட்டையும் இழந்து தெருவில் நின்றனர். அவர்களை யாரும் கேட்கவில்லை. அத்துயரிலிருந்துதான் 1960இல் துன் சம்பந்தன் தலைமையில் தேசிய நிலநிதிக் கூட்டுறவுச் சங்கம் தோன்றியது. தொழிலாளர் சிறுகச் சிறுகச் சேர்த்த பணம் தோட்டங்களை வாங்கிற்று. தமக்கு நேர்ந்ததை நினைவில் வைத்துள்ள ஒரு சமுதாயம், பக்கத்துப் பள்ளத்தாக்கில் அதே கொடுமை பிறர்க்கு நேரும்போது வாளாவிருத்தல் தகுமோ? தன் வலியைக் கொண்டு பிறர் வலியை அறியாதவன் பட்ட துன்பத்தால் பெற்ற பயன் யாது?

கேட்டல் என்றால் என்ன என்பதையும் தெளிந்துகொள்ள வேண்டும். முடிவு செய்துவிட்டுக் கூட்டம் கூட்டி விளக்குவது கேட்டலாகாது. வேண்டாம் என்ற விடை வந்தால் அதனையும் ஏற்க ஆயத்தமாயிருப்பதே கேட்டல். 2007இல் ஐக்கிய நாடுகள் சபை ஏற்ற பூர்வகுடி மக்களின் உரிமைப் பிரகடனம், முன்கூட்டியே உண்மையை அறிவித்து, அச்சுறுத்தலின்றி இசைவு பெற வேண்டும் என்கிறது. மலேசியாவும் அதற்கு ஆதரவாக வாக்களித்தது. இது நடைமுறைக்கு ஒவ்வாத கனவு என்பார்க்கு இரண்டு சான்றுகள் உண்டு. ஒடிசாவின் நியாம்கிரி மலையில் சுரங்கம் வேண்டுமா என்று கிராம சபைகளையே கேட்குமாறு 2013இல் இந்திய உச்சநீதிமன்றம் பணித்தது. கேட்கப்பட்ட 12 சபைகளும் வேண்டாம் என்றன, மலை நின்றது. சரவாக்கின் பாராம் ஆற்றில் எழவிருந்த பேரணையைக் கென்யா, காயான், பெனான் மக்கள் 2013 முதல் மறியல் செய்து எதிர்த்தனர். முதலமைச்சர் அடெனான் சாத்தேம் 2015இல் அத்திட்டத்தை நிறுத்தி வைத்தார். இந்தியாவும் இருண்டுவிடவில்லை, சரவாக்கும் இருண்டுவிடவில்லை.

செய்ந்நன்றி மறவாமையைத் தமிழ் மரபு உயிரெனப் போற்றும். ஆனால் நன்றி என்பது மனமுவந்து கொடுத்தவர்க்கு உரியது. கேளாமல் எடுக்கப்பட்டதன் பயனைத் துய்ப்பவர் யாருக்கு நன்றி சொல்வது? சொல்ல இயலாத அந்நன்றி கடனாகவே நிற்கும். பெர்த்தாமின் நீரால் எரிந்த விளக்கின் கீழ்ப் படித்து உயர்ந்தோர் பலர். அவர்கள் அணையை இடிக்க வேண்டுவதில்லை. அடுத்த ஆற்றின் கரையில் ஒரு முதியவர் எழுந்து, “எங்களைக் கேட்டீர்களா?” என்று வினவும்போது, அவரோடு சேர்ந்து அதே வினாவை எழுப்பினால் போதும். பட்ட கடனில் ஒரு பகுதியேனும் அன்று தீரும்.