கதைக்கு உரியவர் யார்?

கலைக்குப் பொருள் வேண்டும். பொருளுக்கோ எப்போதும் ஒரு விருப்பம் உண்டு. பொருள் கொடுத்தவர் கதையையும் தம் விருப்பப்படி திருத்தும் உரிமை பெற்றவராவாரா? இவ்வினா திரைத்துறைக்கு மட்டும் உரியதன்று. ஈகையின் இலக்கணத்தையே தொடுவது.

செனகல் நாட்டு எழுத்தாளர் உஸ்மான் செம்பேன் மார்செய் துறைமுகத்தில் உழைத்த தொழிலாளி. தம் மக்களுள் பெரும்பாலார் எழுத்தறியாதவராதலின், நாவலோடு நில்லாது திரைப்படத்தை நாடினார். 1968-இல் வெளிவந்த அவரது 'மண்டாபி' வோலோஃப் மொழியில் அம்மக்களோடு பேசிற்று. ஆயினும், பிரெஞ்சு அரசு நிறுவனத்தின் நிதி துணைநின்றமையால், அதே படத்தைப் பிரெஞ்சு மொழியிலும் எடுக்க நேர்ந்தது. பாரிசிலிருந்து வந்த பணவிடையை, அடையாள அட்டை இன்மையால் மாற்ற இயலாது அலைக்கழியும் ஓர் ஏழையின் கதை அது. வாழ்விப்பதுபோல் வரும் பணம் வருத்தவும் கூடும் என்பதைக் கதையும் சொல்லிற்று. கதை படமான வரலாறும் சொல்லிற்று.

அதனால் பொருளே தீது எனல் பொருந்தாது. அந்நிதி இன்றேல் அப்படம் உருப்பெறுவது அரிதாகியிருக்கும். கம்பரைப் புரந்த சடையப்பரின் பெயர் காப்பியத்தில் நிலைத்தது. அவர் கதையை வளைத்ததாக மரபு கூறவில்லை. கொடுப்பவர் கணக்குக் கேட்கலாம். காலத்தில் முடிக்கச் சொல்லலாம். பொய் புகுந்தால் இடித்துரைக்கலாம். தாம் வாழ்ந்தறியாத வாழ்வை, வாழ்ந்தவர் வாயில் திணித்தல் மட்டும் அறமாகாது.

மலேசியத் தமிழர்க்கும் இவ்வினா அயலானதன்று. சஞ்சய் குமார் பெருமாள் இயக்கிய 'ஜகாட்' 2015-இல் வெளிவந்தது. தோட்டத்தை விட்டுப் புறம்போக்கில் குடியேறிய குடும்பங்களின் கதை அது. தலைப்பே மலாய்ச் சொல்லொன்று தமிழர் நாவில் பெற்ற வடிவம். தேசிய மொழியல்லாத படங்களைத் தனிப் பிரிவில் ஒதுக்கியமைக்குக் கண்டனம் எழுந்து விதி மாறிய பின்னர், 2016-இல் மலேசியத் திரைப்பட விழாவின் சிறந்த மலேசியத் திரைப்பட விருதை அது பெற்றது.

ஆனால் விதியை மாற்றுவதினும் கடினம் சுவையை மாற்றுவது. குளுவாங் வட்டாரத் தோட்டங்களில் பால்மரம் சீவி முதுமையெய்திய ஒருவரின் வாழ்வு படமாயின், பேச்சில் மலாய் விரவும்; சென்னையின் மிடுக்கு இராது. "இது தமிழ்ப்படம் போல் இல்லையே" என்று அவர் பேரனே முகம் சுளித்தால் பழி யாரைச் சாரும்? நுழைவுச்சீட்டு வாங்குபவரும் பொருள் கொடுப்பவரே. தம் வீட்டுப் பேச்சைத் திரையில் கேட்க நாணுபவர், தொலைவிலுள்ள செல்வரைக் குறைகூறல் முறையன்று. பிறர் கதையை வளையாது காக்கும் கடன் செல்வர்க்கு உண்டெனில், தம் கதையை நாணாது கேட்கும் கடன் மக்களுக்கும் உண்டு.