மாலை போட்டால் தீருமா?

நம்ம நிகழ்ச்சிகளில் இது ஒரு வழக்கமாகவே இருந்தது. இந்திய தேசிய ராணுவத்தை நினைவுகூரும் நாள் என்றால் மேடையில் நேதாஜி படம், சுவரில் ‘ஜெய்ஹிந்த்’. அந்தப் படையில் இருந்த முதியவர் ஒருவர் கிடைத்தால் பொன்னாடை போர்த்தி, மாலை போட்டு, படம் எடுத்து, முதல் வரிசையில் உட்கார வைப்போம். மைக் இரண்டு நிமிஷம். அவர் அரிசி கிடைக்காத கதையை ஆரம்பிப்பார். அதற்குள் அடுத்த நடனத்துக்குப் பிள்ளைகள் மேடை ஓரத்தில் வந்து நின்றுவிடுவார்கள்.

இளைஞர்களே, என் கேள்வி இதுதான். ஒருவரை ‘வீரர்’ என்று சொல்லிவிட்டால் அவருக்கு நாம் பட்ட கடன் தீர்ந்துவிடுமா? தீராது என்பேன். பல நேரங்களில் அந்தப் பட்டமே, அவர் பேச்சைக் கேட்காமல் இருக்க நாம் கண்டுபிடித்த மரியாதையான வழி.

1943 ஜூலையில் நேதாஜி சிங்கப்பூர் வந்து சேர்ந்தார். அதுவரை அந்தப் படையில் பெரும்பாலும் இருந்தவர்கள், 1942 பிப்ரவரியில் சிங்கப்பூர் வீழ்ந்தபோது ஜப்பானியரிடம் கைதான இந்தியச் சிப்பாய்கள்தான். அவர் வந்த பிறகு மலாயாத் தோட்டங்களிலிருந்து ஆயிரக்கணக்கான தமிழர்கள் சேர்ந்தார்கள். இவங்க சிப்பாய்கள் இல்லை. பால்மரம் வெட்டியவர்கள், கடைப் பையன்கள், படிப்பு பாதியில் நின்றவர்கள். அக்டோபர் 22ஆம் தேதி சிங்கப்பூரில் ஜான்சி ராணிப் படைக்குப் பயிற்சி முகாம் திறந்தபோது தோட்டத்துப் பெண்களும் வந்தார்கள். தமிழ் மட்டுமே தெரிந்தவர்கள் இந்துஸ்தானியில் கட்டளை கேட்டு இடம் வலம் திரும்பக் கத்துக்கிட்டாங்க.

படத்தில் பார்க்கும் போர் வேறு. சிப்பாயின் நாளில் பெரும்பகுதி காத்திருப்பதும், சுத்தம் செய்வதும், சாப்பாட்டுக்கு வரிசையில் நிற்பதும்தான். (என்.எஸ். முடித்த சிங்கப்பூர் தம்பிகளைக் கேட்டுப் பாருங்க, இதை ஒத்துக்கொள்வார்கள். அவர்களுக்குக் குண்டு விழும் பயம் இல்லை, அவ்வளவுதான்.) மலாயாவில் சேர்ந்தவர்களில் கணிசமான பேர் முகாமில் இருக்கும்போதே 1945 ஆகஸ்டில் போர் முடிந்துவிட்டது. அவங்க யாரையும் சுடவே இல்லை. அப்போ அவங்க வீரரா, இல்லையா?

போர்முனைக்குப் போனவர்கள் கதை இன்னும் கஷ்டம். 1944இல் இம்பால் பக்கம் சென்ற முதல் டிவிஷனில் சுமார் 6,000 பேர். பெரும்பாலும் பழைய சிப்பாய்கள். தோட்டத்து ஆட்கள் அதில் அதிகம் இல்லை. வரலாற்று நூல்களில் வரும் கணக்குப்படி சண்டையில் இறந்தவர்கள் சுமார் 400. பசியிலும் நோயிலும் இறந்தவர்கள் ஏறக்குறைய 1,500. திரும்பி வந்த 2,600 பேரில் 2,000 பேரை ஆஸ்பத்திரிக்கு அனுப்ப வேண்டியிருந்தது. மழை கொட்டியது, உணவு வந்து சேரும் வழி அறுந்தது. மலேரியா, சீதபேதி. நாம் சொல்லும் வீரக்கதையில் துப்பாக்கி வரும், கொடி வரும். சீதபேதி வராது. ஆனால் நான்கு மடங்கு உயிர்களை எடுத்தது அந்தப் பக்கம்தான். காய்ச்சலில் நடுங்கியவனைத் தோளில் தாங்கி மலை இறங்கியவன் செய்த காரியத்துக்குப் பதக்கம் கிடையாது, பாட்டும் கிடையாது.

இன்னொரு சங்கடமான விஷயம். எல்லாரும் தேசப்பற்றால் சேர்ந்தார்களா? பலர் அப்படித்தான். தாலியைக் கழற்றிக் கொடுத்த பெண்களும் இருந்த காலம் அது. ஆனால் அதே நேரம் ஜப்பானியர்கள் தோட்டங்களிலிருந்து தமிழர்களைச் சயாம் மரண ரயில் பாதை போட அள்ளிக்கொண்டு போனார்கள். பல்லாயிரம் பேர் காட்டிலேயே செத்தார்கள். ராணுவத்தில் சேர்ந்தால் ரயிலுக்குப் போக வேண்டாம், ஒரு வேளை சோறாவது கிடைக்கும் என்று சேர்ந்தவர்களும் உண்டு. ஒரே லயத்தில் அண்ணன் சயாமுக்கு, தம்பி ராணுவத்துக்கு. அண்ணனைக் கொண்டுபோனவன் தம்பிக்குக் கூட்டாளி. இதை எந்த மாலைக்குள் கட்டுவீர்கள்?

சோற்றுக்காகச் சேர்ந்தவன் தியாகி இல்லை என்று சிலர் சுலபமாகச் சொல்லிவிடுவார்கள். எனக்கு அது சரியாகப் படவில்லை. வயிறு நிறைந்தவன் மட்டும்தான் சுத்தமான நோக்கத்தோடு ஒரு காரியத்தில் இறங்க முடியும் என்றால் தர்மம் பணக்காரர்களின் சொத்தாகிவிடும். ஒருவன் வாசலில் நுழைந்த காரணம் ஒன்று. உள்ளே போன பிறகு தினமும் என்ன செய்தான் என்பது வேறு. பக்கத்தில் இருப்பவனுக்குத் தன் சோற்றில் பாதி கொடுத்தானா? ஓடிப்போக வழி இருந்தும் நின்றானா? மதிப்பு போட வேண்டுமென்றால் அங்கே போடுங்க. ஆனா அதைத் தெரிஞ்சுக்க, அந்த அன்றாடக் கதையைக் கேட்டிருக்க வேண்டுமே.

சரி, போர் முடிந்தது. திரும்பி வந்தார்கள். எங்கே? அதே தோட்டத்துக்கு. கையில் இருந்த ஜப்பான் காசு ஒரே நாளில் வெறும் காகிதம். காலையில் இருட்டோடு பெரட்டு. ‘பெரேடு’ என்ற ஆங்கிலச் சொல்தான் தோட்டத்தில் ‘பெரட்டு’ ஆனது. நேற்று வரை ஒரு பெரேடில் நிமிர்ந்து நின்றவன், இன்று இன்னொரு பெரட்டில் கங்காணி பேர் கூப்பிடக் காத்து நிற்கிறான். படையில் சாதி பார்க்காமல் ஒன்றாக உட்கார்ந்து சாப்பிட்டவன். துரை எதிரே வந்தால் இவன் சைக்கிளிலிருந்து இறங்கி ஓரமாக நிற்க வேண்டுமாம். அந்த ஒரு நிமிஷம் அவன் மனசு என்ன பாடுபட்டிருக்கும்?

பெண்களுக்கு இன்னும் மோசம். 1945 ஏப்ரல் கடைசியில் ராணிப் படைப் பெண்கள் ரங்கூனிலிருந்து பாங்காக் நோக்கிப் பின்வாங்கினார்கள். ஏறக்குறைய மூன்று வாரப் பயணம். விமானத்துக்குப் பயந்து பகலில் மறைந்து, இரவில் நடந்தார்கள். ஜானகி ஆதி நாகப்பன் பின்னாளில் செனட்டர் ஆனார். ராசம்மா பூபாலன் ஆசிரியையாகி, பெண் ஆசிரியர்களின் சம ஊதியத்துக்காகப் போராடினார். அவர்களுக்குப் படிப்பு இருந்தது, பேச மேடை கிடைத்தது. லயத்துக்குத் திரும்பிய பெண் என்ன ஆனாள்? துப்பாக்கி பிடித்த கையால் மறுபடி உளி பிடித்து மரம் வெட்டினாள். கல்யாணப் பேச்சில் அந்தக் கதையை மறைத்தார்களோ என்னவோ.

எல்லாரும் அடங்கிப் போகவில்லை என்பதையும் சொல்லணும். 1946, 47இல் கெடாத் தோட்டங்களில் தொண்டர் படை எழுந்தது. கள்ளுக்கடை மறியல், அணிவகுப்புப் பயிற்சி, கூலி உயர்வுக் கோரிக்கை. அதில் பழைய ராணுவத்தினரும் இருந்தார்கள். போலீஸ் வந்து அடக்கியது, பலர் சிறை போனார்கள். என் கண்ணுக்கு இது இம்பாலைவிடச் சின்ன போர் இல்லை. ஆனால் நம்ம மேடையில் இதற்கு ஒரு நடனம்கூடக் கிடையாது. எதிரி தூரத்து பிரிட்டிஷ் சிப்பாய் என்றால் கைதட்டுகிறோம். எதிரி கள்ளும் கூலியும் என்றால் கொஞ்சம் நெளிகிறோம்.

‘அவங்களே பேச விரும்பலையே, ஏன் கிளறணும்?’ என்று கேட்கலாம். நியாயம்தான். பார்த்ததைச் சொல்லக் கூசி வாயடைத்தவர்களும் உண்டு. அந்த மௌனம் அவர்கள் சொத்து, தொடக் கூடாது. ஆனால் யாரும் கேட்காததால் மௌனமானவர்கள் வேறு. வெளியிலிருந்து பார்த்தால் இரண்டும் ஒரே மாதிரி இருக்கும். தாத்தா சோற்றுப் பருக்கை ஒன்று கீழே விழுந்தாலும் எடுத்துத் தின்பார், மழை பெய்தால் தூங்க மாட்டார் என்று சில வீடுகளில் இன்னும் சிரிப்போடு சொல்கிறார்கள். ஏன் என்று யாரும் கேட்டதில்லை. தாத்தா போயிட்டார். கேட்டிருந்தால் தெரிந்திருக்கக் கூடிய பாட்டி ஒருத்தி சில வீடுகளில் இன்னும் இருக்காங்க. அவங்க கிட்டே எத்தனை பேரைச் சுட்டார் என்று கேட்காதீங்க. முகாமில் என்ன சாப்பிட்டாராம், பக்கத்தில் யார் படுத்திருந்தாராம், திரும்பி வந்த அன்று லயத்தில் யார் வந்து பார்த்தாங்களாம் என்று கேளுங்க.